மீன்கடைக் குளிரறையில் சீன மலைகள்

பலேர்மோவில் வீட்டு வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும் இதை எழுதுகிறேன். எப்படிக் கூட்டுவது, எந்தத் தரைக்கு எந்த மருந்து போட்டுத் துடைப்பது என்பதெல்லாம் இரண்டு கிழமையில் உங்களுக்குப் பிடிபட்டுவிடும். அதற்கு நான் தேவையில்லை. இருபத்தாறு வருடம் மற்றவர்களின் வீடுகளில் வேலை செய்துவிட்டு இப்போது ஓய்வாக இருக்கிறேன். அந்த வீடுகளில் ஒன்றில், கேட்பதற்கு யாருமில்லாத ஒரு காலையில், நானாக ஒரு முடிவெடுக்க வேண்டி வந்தது. அதைப் பற்றித்தான் சொல்லப் போகிறேன். அன்று நான் செய்ததில் பாதி சரி, பாதி பிழை. எது எது என்று எனக்கே பிறகுதான் தெரிந்தது.

என் வேலைக்காலத்தில் பாதிக்கு மேல் ஒரே வீட்டில் கழிந்தது. போர்கோ வெக்கியோச் சந்தையில் இருந்து மூன்று நிமிட நடை, நாலாம் மாடி. வீட்டுக்காரி சீனர்களின் சமய வரலாறு படிப்பித்த பேராசிரியை. கலியாணம் கட்டாதவர். அவருடைய பெயரை எழுத மாட்டேன். எல்லோரையும் போல நானும் சிஞ்ஞோரா என்றுதான் கூப்பிட்டேன். எங்கள் பேச்சு முழுக்க இத்தாலியனில்தான். ஆனால் இத்தனை வருடத்துக்குப் பிறகு அந்தப் பேச்சு என் தலைக்குள் யாழ்ப்பாணத் தமிழில்தான் கேட்கிறது. அப்படியே எழுதிவிடுகிறேன்.

அந்த வீட்டில் நான் செய்த முதல் வேலையே பிழை. புத்தக அறையின் இடப்பக்கச் சுவர் முழுக்கச் சீனப் புத்தகங்கள். மெல்லிய தாள், மெத்தென்ற அட்டை, ஓரத்தில் நூலால் தைத்தவை. நாலைந்தாகச் சேர்த்து நீலத் துணி ஒட்டிய பெட்டிகளில் போட்டு, படுக்கையாக அடுக்கி வைத்திருந்தார். எனக்கு அது அலங்கோலமாகத் தெரிந்தது. தைத்த பக்கம் உள்ளே, வெட்டிய பக்கம் வெளியே. யாரோ அவசரத்தில் தலைகீழாக வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள் என்று நினைத்தேன். புது வேலை, நல்ல பெயர் எடுக்க வேண்டும். ஒரு முழுப் பகல் மினக்கெட்டு எல்லாவற்றையும் பெட்டியில் இருந்து எடுத்து, நிமிர்த்தி, உயரவாரியாக நிற்க வைத்தேன். பார்க்கப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரிசையில் நிற்பது போல இருந்தது.

பின்னேரம் சிஞ்ஞோரா வந்து கதவடியில் நின்றார். கைப்பையைக் கீழே வைக்கவில்லை.

"வடிவாய் இருக்கோ?" என்று கேட்டேன்.

"சரியான வடிவு," என்றார். பிறகு தரையில் இருந்துகொண்டு ஒரு புத்தகத்தை எடுத்துக் காட்டினார். "இதுக்கு எலும்பில்லை. நிக்க வைச்சா வளைஞ்சு போகும். இது எங்கடை புத்தகத்தின்ரை பின்பக்கத்தில இருந்து துவங்கும். பேர் அடி ஓரத்தில எழுதியிருக்கு, பாரும். அதாலைதான் படுக்க வைக்கிறது."

"எல்லாத்தையும் திருப்பி அடுக்கிறன், சிஞ்ஞோரா."

"உமக்கு எது எதோடை சேரும் எண்டு தெரியாதே. இரண்டு பேருமாச் செய்வம்."

மூன்று நாள் ஆனது. அவர் ஏசவில்லை என்பதை விட, அந்த மூன்று நாளும் அவர் சந்தோசமாக இருந்தார் என்பதுதான் எனக்கு ஆச்சரியம். ஒவ்வொரு பெட்டியையும் மூடும்போது ஏதாவது சொல்வார். இது ஒரு கோயிலின் துறவிகள் பட்டியல், இது மழைக்கு வேண்டும் சடங்கு, இது யாத்திரை போனவர்கள் பாடிவிட்டுப் போன கவிதைகள்.

மூன்றாம் நாள் ஒரு புத்தகத்தின் முன்பக்கத்தில் ஒரு படம் பார்த்தேன். ஒரு மலை. அடிவாரத்தில் ஆறு, அதற்கு மேல் படிக்கட்டு, வழியெல்லாம் சின்னச் சின்னக் கோயில்கள், உச்சியில் பெரிய கோயில் ஒன்று. ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் எழுத்து.

"இதில என்ன எழுதியிருக்கு?" என்று கேட்டேன்.

"இந்த மலையின்ரை கதை. ஆர் முதல் வந்தவை, எந்தக் குகையில ஆர் இருந்தவை, எந்தச் சுனையில குளிச்சா என்ன வருத்தம் மாறும், என்ன அதிசயம் நடந்தது, ஆர் வந்து என்ன பாட்டுப் பாடினவை, எல்லாம்."

"அப்ப இது தலபுராணம்," என்றேன்.

அவர் அந்தச் சொல்லைத் திருப்பிச் சொல்ல வைத்தார். விளக்கம் கேட்டார். எங்கள் கோயில்களுக்கும் அப்படித்தான், இடத்தின் கதை, தீர்த்தத்தின் கதை, வந்து பாடியவர்களின் பாட்டு என்று எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். ஒரு சின்னத் தாளில் அந்தத் தமிழ்ச் சொல்லை என்னைக் கொண்டு எழுதுவித்து மேசையில் ஒட்டினார். அன்றிலிருந்து அந்த இடப்பக்கச் சுவருக்கு எங்கள் இருவருக்கிடையில் பெயர் அதுதான். "தலபுராணத்துக்குத் தூசி தட்டியாச்சோ?" என்று பலேர்மோ இத்தாலியனுக்கு நடுவில் கேட்பார். 'ழ'வில் இருந்து தப்பிய சொல் என்பதால் நன்றாகவே சொல்வார்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எங்கள் ஆட்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் மொந்தே பெல்லெகிரினோ மலை ஏறி, இந்த ஊரின் காவல் புனிதையான சாந்தா ரொசாலியாவின் குகைக் கோயிலுக்குப் போவது உங்களுக்குத் தெரியும். சிஞ்ஞோரா சீனாவில் ஏறாத மலையில்லை. தன் ஊர் மலையில் மட்டும் சின்ன வயதுக்குப் பிறகு கால் வைக்கவில்லை. "என்னையும் கூட்டிக்கொண்டு போவீரோ?" என்று கேட்டார். ஒரு ஞாயிறு வந்தார். கையில் குறிப்புக் கொப்பி. வெறுங்காலோடு நடந்த பெண்களிடம் ஒவ்வொரு வளைவிலும் கேள்வி கேட்டு எழுதிக்கொண்டு வந்தார். பாதி வழியில் கொப்பியைப் பைக்குள் வைத்துவிட்டார். மேலே குகைக்குள் எங்களோடு வரிசையில் நின்றார். நீங்கள் வேலை செய்யும் வீட்டுக்காரரோடு அப்படி ஒரு நாள் கிடைத்தால் அதை ஞாபகமாக வைத்துக்கொள்ளுங்கள். எல்லோருக்கும் கிடைக்காது.

இனி அந்தக் காலை.

சிஞ்ஞோராவுக்குக் கண்ணில் ஒப்பரேசன். நேப்பிள்ஸில் நல்ல டாக்டர் என்று கப்பலில் போயிருந்தார். ஐந்து நாள். வீட்டுச் சாவி என்னிடம். அந்த மாதம் எனக்கு பெர்மெஸ்ஸோ, இந்த நாட்டில் தங்கும் அனுமதி, புதுப்பிக்க வேண்டியிருந்தது. அதற்கு அவர் வேலைக் கடிதத்தில் கையெழுத்து வைக்க வேண்டும், வந்ததும் வைக்கிறேன் என்று சொல்லியிருந்தார். அந்த நேரத்தில் என் தலைக்குள் என்ன ஓடியது என்று உங்களுக்கு விளங்க வேண்டும் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

அவர் போன மறுநாள் ஒன்பது மணிக்குக் கதவைத் திறந்தேன். தண்ணீர்ச் சத்தம். புத்தக அறையின் முகட்டில் நடுவிலிருந்து தண்ணீர் கயிறு போல இறங்கி, இரண்டு பக்கச் சுவரிலும் வழிந்துகொண்டிருந்தது. மேல் வீட்டில் குழாய் வெடித்திருக்கிறது. வீட்டுக்காரர்கள் ஜெனோவாவில். கதவு பூட்டு.

நான் என்ன செய்தேன் தெரியுமா? வாளி வைத்தேன். ஒரு வாளி, இரண்டு வாளி, சட்டி, பானை. நடுவில் சிஞ்ஞோராவுக்குப் போன் எடுத்தேன். நிறுத்தி வைத்திருந்தார். திரும்பவும் எடுத்தேன். பத்து நிமிடம் அப்படியே போய்விட்டது.

மூன்றாம் மாடியில் வேலை செய்யும் தேவினா சத்தம் கேட்டு ஏறி வந்தாள். மொரீசியஸ் தமிழ்ப் பெண். தேவாரம் பாடுவாள், ஆனால் தமிழில் கதைக்க வராது. என்னை அண்ணே என்று கூப்பிடுவது ஒன்றுதான் தமிழ், மிச்சம் இத்தாலியன்.

"அண்ணே, என்ன செய்யிறியள்? வாளியோ வைக்கிறது? தண்ணியை நிப்பாட்டினீங்களோ?"

"எங்கை நிப்பாட்டுறது?" என்றேன்.

"கீழ முத்தத்தில, படிக்கட்டுக்குக் கீழ திருகி இருக்கு. நான் போறன். நீங்கள் கரண்டை நிப்பாட்டுங்கோ. அதுக்குப் பிறகுதான் புத்தகம்."

என்னை விடப் பதினைந்து வயது இளையவள். அவள் வந்திராவிட்டால் நான் மத்தியானம் வரை வாளி மாற்றிக்கொண்டிருந்திருப்பேன். பதற்றத்தில் கை ஏதாவது செய்யத் துடிக்கும். உங்கள் கை வாளியைத் தேடினால், எங்கிருந்து வருகிறது என்று முதலில் பாருங்கள்.

தண்ணீர் நின்றது. ஆனால் மேல் தளத்துக்குள் தேங்கியது வடிவது நிற்கவில்லை. முகட்டுச் சாந்து நனைந்து, கர்ப்பிணி வயிறு போல நடுவில் தொங்கத் தொடங்கியது. இது விழப் போகிறது என்று எங்கள் இரண்டு பேருக்கும் தெரிந்தது. எப்போது என்றுதான் தெரியாது.

வலப்பக்கச் சுவரில் ஒரு கண்ணாடி அலுமாரி. அதில் சிஞ்ஞோராவின் தகப்பனார் சேர்த்த புத்தகங்கள். சீனாவுக்குப் போன பாதிரிமார் எழுதிய பழைய கடிதங்கள், பயணக் கதைகள், தோல் அட்டை, பொன் எழுத்து. வீட்டுக்கு வரும் எல்லோரும் முதலில் அதைத்தான் பார்ப்பார்கள். சிஞ்ஞோரா எனக்கு ஒரு முறை அல்ல, பல முறை சொல்லியிருந்தார்: "ஏதும் நடந்தா முதல் அப்பான்ரை அலுமாரி."

இடப்பக்கச் சுவரில் தலபுராணங்கள்.

இரண்டுக்கும் நேரமில்லை. அலுமாரியைப் பூட்டும் திறப்பு குசினி மேசை லாச்சிக்குள் இருந்தது. எடுத்துக்கொண்டு வந்தேன். கையில் திறப்போடு அறை வாசலில் நின்றேன்.

வீட்டு வேலை செய்பவனுக்கு ஒரு விடயம் தெரியும், அது வீட்டுக்காரருக்கே தெரியாது. எதில் தூசி படிகிறது, எதில் படிவதில்லை என்பது. பதினொரு வருடமாக அந்த அறையைத் துடைத்தவன் நான். அலுமாரிப் புத்தகங்களின் தலையில் ஒவ்வொரு மாதமும் ஒரே அளவு தூசி இருக்கும். இடப்பக்கத்துப் பெட்டிகளில் எனக்குத் துடைக்க எதுவும் இருந்ததில்லை. அவருடைய கை எப்போதும் அங்கேதான்.

திறப்பைக் காற்சட்டைப் பைக்குள் போட்டேன். இடப்பக்கம் போனேன்.

பெட்டி பெட்டியாக எடுத்து ஓடினேன். தேவினா நடைவழியில் நின்று வாங்கி அடுக்கினாள். கீழ்த் தட்டுகள் முடிந்தன. நடுத் தட்டுகள் முடிந்தன. முகடு முறியும் சத்தம் மெல்லக் கேட்கத் தொடங்கியது.

"காணும் அண்ணே, வெளியில வாங்கோ!"

"இன்னும் ஒரு தட்டு."

"விசரோ உங்களுக்கு? வாங்கோ!"

மேல் தட்டில் கடைசிப் பெட்டி. அலைக்கு மேல் ஒரு பெண் தெய்வம் நிற்கும் படம் உள்ள பெட்டி அது. அதைக் கட்டிப் பிடித்துக்கொண்டு வாசலைத் தாண்டினேன். பின்னால் முழு முகடும் விழுந்தது. ஒரு துண்டு தோளில் பட்டது. அலுமாரியின் கண்ணாடி உடைந்து, சாந்தும் சேறும் தண்ணீருமாக அந்தப் பொன் எழுத்துப் புத்தகங்களுக்கு மேல் கொட்டியது.

கொஞ்ச நேரம் நாங்கள் இரண்டு பேரும் நடைவழியில் தரையில் இருந்தோம். தேவினா அழுதாள். எனக்கு அழுகை வரவில்லை. அவர் முதலில் காப்பாற்றச் சொன்னதை விட்டுவிட்டேனே என்பதுதான் ஓடியது. பெர்மெஸ்ஸோவும் ஓடியது. பொய் சொல்ல மாட்டேன்.

வெளியே எடுத்தவற்றிலும் நாற்பது பெட்டியளவு நனைந்திருந்தன. வெயில் நல்லாக எரித்தது. பல்கணியில் காயப் போடலாம் என்று ஒரு புத்தகத்தைத் திறந்து ஒட்டிய தாளைப் பிரிக்கப் பார்த்தேன். தண்ணீரில் ஊறிய அப்பளம் போல ஒரு பக்கம் முழுதாக விரலோடு வந்துவிட்டது. கவிதைப் பக்கம். சின்ன வரிகளில் இருந்து தெரிந்தது. கையை எடுத்துவிட்டேன். தெரியாத ஒன்றை முதல் தரம் கெடுத்தால் அது பிழை. இரண்டாவதையும் அப்படியே கெடுத்தால் அதற்கு வேறு பெயர்.

சிஞ்ஞோராவின் மேசையில் ரோமில் இருக்கும் சிநேகிதி ஒருவரின் இலக்கம் இருந்தது. பழைய புத்தகம் திருத்தும் வேலை பார்ப்பவர். போன் எடுத்தேன்.

"திறக்காதேங்கோ. காயப் போடாதேங்கோ. பிளாஸ்டிக்கில சுத்தி உறைய வையுங்கோ. இண்டைக்கே. மிச்சத்தை நாங்கள் பாப்பம்."

"உறைய வைக்கிறதோ? நாப்பது பெட்டியையோ? எங்கை?"

"அது எனக்குத் தெரியாது. பெரிய ஃபிரீசர் ஆரிட்டை இருக்கு?"

நானும் தேவினாவும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். போர்கோ வெக்கியோவில் பெரிய ஃபிரீசர் யாரிடம் இருக்கிறது என்று எங்கள் மூக்குக்கே தெரியும்.

மீன்கடைத் தொத்தோ கத்தியைத் துடைத்தபடி நான் சொன்னதைக் கேட்டான்.

"புத்தகமோ? என்ரை மீன் அறைக்குள்ளையோ?"

"ஓம்."

"என்ன புத்தகம்?"

"சீனப் புத்தகம். சாமிப் புத்தகம்."

"எந்தச் சாமி?"

"மலையில இருக்கிற சாமியள். சனம் ஏறிப் போய்க் கும்பிடுறவை."

"சாந்தா ரொசாலியா மாதிரியோ?"

"அதே மாதிரித்தான்."

தொத்தோ கடைக்குப் பின்னால் திரும்பிச் சத்தம் போட்டான்: "வாள்மீனை எல்லாம் மற்றப் பக்கம் தள்ளுங்கோ!" பிறகு என்னைப் பார்த்து, இந்த ஊரில் கூட்டாளியைக் கூப்பிடுவது போல, "கொம்பா, இரட்டைப் பையாச் சுத்து. மீன் மணம் ஏறினா அந்தச் சாமியள் என்னைத்தான் கேக்கும்."

ஒவ்வொரு பொதியிலும் எது எது என்று எழுத வேண்டும். எனக்குச் சீனம் தெரியாது. ஒட்டிய தாள்களைத் தொடாமல், நனையாத மேலட்டையை மட்டும் தூக்கி முன்படத்தை ஓரமாகப் பார்த்து, கண்ணில் பட்டதைத் தமிழில் எழுதி ஒட்டினேன். 'இரண்டு உச்சி, நடுவில் பாலம்.' 'யானை மேல் சாமி.' 'தேவதாருவுக்குக் கீழ் நித்திரை கொள்ளும் கிழவர்.' வேலை முடியப் பின்னேரம் நாலு மணி.

இரண்டு நாள் கழித்துத்தான் சிஞ்ஞோரா போன் எடுத்தார். கண் கட்டோடு இருப்பவரிடம் போனில் இதைச் சொல்வதா? வீட்டில் தண்ணீர் வந்தது, வந்தபின் சொல்கிறேன் என்று மட்டும் சொன்னேன். நாலாம் நாள் காலை துறைமுகத்தில் நின்றேன். கப்பல் பாலத்தால் இறங்கி வந்தார். ஒரு கண் மூடிக் கட்டியிருந்தது, மற்றதில் கறுப்புக் கண்ணாடி. பெட்டியை வாங்கினேன். நல்ல செய்தியை முதலில் சொல்ல வாய் உன்னியது. கெட்டதையே முதலில் சொன்னேன்.

"அப்பான்ரை அலுமாரி பாழாய்ப் போட்டுது, சிஞ்ஞோரா. நான் எடுக்கேல்லை. எடுத்திருக்கலாம். தலபுராணத்தை எடுத்தனான்."

அவர் பெட்டி மேலேயே இருந்துவிட்டார். பயணிகள் எங்களைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

"முழுக்கவோ?"

"பாதிக்கு மேல. மிச்சத்தை ரோமிலை பாக்கலாமாம். ஒரு கவிதைப் பக்கத்தை நானே கிழிச்சுப் போட்டன்."

"நான் உமக்கு என்ன சொன்னனான்?"

"முதல் அப்பான்ரை அலுமாரி எண்டு."

"பிறகேன்?"

தூசியைப் பற்றிச் சொன்னேன். அந்த அலுமாரியில் தூசி இருக்கும், அந்தச் சுவரில் இருந்ததில்லை என்று. அவர் கடல் பக்கம் திரும்பினார். "டாக்டர் அழக்கூடாது எண்டு சொன்னவர்," என்றார். சிஞ்ஞோராவின் தாய்க்குத் தகப்பனார் அந்தப் புத்தகம் ஒவ்வொன்றிலும் இரண்டு வரி எழுதிக் கொடுத்திருந்தார் என்பது அன்று அவர் சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது. அதைப் பதினொரு வருடமாகத் துடைத்தும் நான் திறந்து பார்த்ததில்லை. தூசி எல்லாவற்றையும் சொல்வதில்லை. அந்த நட்டத்தை யாரும் ஈடு செய்ய முடியாது. நான் செய்தது சரி என்று இன்றைக்கும் முழு மனதோடு சொல்ல மாட்டேன்.

பிறகு எழும்பினார். "எங்கை வைச்சிருக்கிறீர்? அங்கை கூட்டிக்கொண்டு போம்."

தொத்தோ தொப்பியைக் கழற்றிவிட்டுக் குளிரறைக் கதவைத் திறந்தான். உறைந்த பொதிகளைச் சிஞ்ஞோரா கையால் தடவினார். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றியும் அவருக்கு ஒன்றும் தெரியவில்லை. எழுத்தும் தமிழ்.

"வாசியும்," என்றார்.

"இரண்டு உச்சி, நடுவில பாலம்."

அவர் ஒரு மலையின் பெயரைச் சொன்னார்.

"யானை மேல சாமி."

"ஏமெய்."

"அலைக்கு மேல நிக்கிற அம்மா."

"பூட்டுவோ. அது மலையில்லை, தீவு." சிரித்தார். "அதையும் எடுத்தனீரோ? அது மேல் தட்டிலை எல்லோ இருந்தது."

நாற்பதையும் வாசித்தேன். மூன்றைத் தவிர எல்லாவற்றுக்கும் பெயர் சொன்னார். வாள்மீன்களுக்கு நடுவில் எங்கள் இரண்டு பேரின் மூச்சும் புகையாகப் போனது. கடைக்கு வந்த சனம் வரிசையில் நின்று கேட்டது. ஒருவரும் அவசரப்படுத்தவில்லை.

அன்று பின்னேரம் வேலைக் கடிதத்தில் கையெழுத்து வைத்துத் தந்தார். அதோடு முடிந்தது என்று நினைத்தேன். முடியவில்லை. அடுத்த நாள் தேவினா அவரைப் படிக்கட்டில் கண்டு, முகடு விழுந்த கதையை முழுதாகச் சொல்லிவிட்டாள். கடைசிப் பெட்டிக்காக நான் திரும்பிப் போனது, தோள் கறுத்துப் போனது, எல்லாம். நான் சொல்லாமல் விட்டவை.

சிஞ்ஞோரா குசினிக்குள் வந்தார். பதினொரு வருடத்தில் அவர் என்னை ஏசியது அன்றுதான். குரலை உயர்த்தி, கையால் மேசையில் அடித்து ஏசினார்.

"நீர் செத்திருந்தா?"

"சாகேல்லைத்தானே, சிஞ்ஞோரா."

"வாயை மூடும். அந்த மலையளின்ரை கோயில் எத்தினை தரம் எரிஞ்சது தெரியுமோ? புத்தகங்கள் எத்தினை தரம் எரிஞ்சது? ஒவ்வொரு தரமும் ஆரோ ஒருத்தர் இருந்து திருப்பி எழுதியிருக்கினம். நீர் தூக்கின எல்லாம் அப்பிடித் திருப்பி எழுதினதுதான்." மூச்சு வாங்கினார். "உம்மை ஆர் திருப்பி எழுதுவினம்?"

அவர் என் தோளில் கை வைத்தார். நொந்தது. கையை எடுக்கச் சொல்லி நான் சொல்லவில்லை.